மூன்றாவது பிடி மண்

"மண்ண வாரித் தூத்தாத வேம்பு! ஒரு கோழிக்குப் போயி, தெருவே வேடிக்கை பாக்குது."

பிச்சைமுத்து கெஞ்சினார். மாரியம்மன் கோயில் வாசலில் தலையை விரித்துப் போட்டுக்கொண்டு நின்ற அவர் மனைவி வேம்பு அதைக் காதில் வாங்கவில்லை. குனிந்து ஒரு பிடி மண்ணை வாரினாள்.

"என் முட்டக் கோழியத் தூக்குனவ கை வெளங்காம போவ!"

மண் பறந்தது. வெங்காயம் பிடுங்கப் புறப்பட்ட பெண்கள் அப்படியே நின்றுவிட்டார்கள். மூன்று பிடி தூற்றிவிட்டால், தூற்றியவளே நினைத்தாலும் சாபத்தைத் திரும்ப வாங்க முடியாது என்பது அந்த ஊரில் எல்லோருக்கும் தெரியும். பிச்சைமுத்து அவசரமாக அவள் பக்கத்தில் போனார்.

"நரி கிரி தூக்கியிருக்கும்டி."

"நரியா? பஞ்சாரக் கூடையத் தூக்கிக் கோழிய எடுத்துட்டு, மறுபடி பதவிசா கவுத்து வச்சிட்டா போவும் நரி?"

இரண்டாவது பிடியும் பறந்தது. வேம்புவின் பார்வை இப்போது பக்கத்து வீட்டு மலர்க்கொடி மேல் நின்றது. மலர்க்கொடி புருஷனைப் பறிகொடுத்தவள்.

"சத்தியமா எனக்குத் தெரியாதுக்கா" என்றாள் அவள்.

"அந்தப் புள்ளய ஏண்டி இழுக்குற?" பிச்சைமுத்து குறுக்கே வந்தார்.

"ஓகோ! ஒங்களுக்கு ஏன் பொத்துக்கிட்டு வருது? கோழி எந்த வூட்டுக்குப் போச்சின்னு இப்பல்ல தெரியுது!"

கூட்டத்தில் யாரோ களுக்கென்று சிரித்தார்கள். மலர்க்கொடி முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டு ஓடினாள். ஊர்க் காரியம் எதுவானாலும் முன்னால் நிற்கிற மனுஷனுக்கு இந்த வயதில் இப்படி ஒரு பேச்சு! பிச்சைமுத்து கூனிக் குறுகிப் போனார். ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் அந்தப் பெண் அழுதிருக்க மாட்டாள். அதைச் சொல்லத்தான் அவருக்குத் துணிச்சல் வரவில்லை.

வேம்பு மூன்றாவது பிடியை வாரினாள்.

"ஆக்கித் தின்னவ வவுறு பத்தி எரிய! அவ பெத்தது தழைக்காம போவ!"

"ஐயோ, வேணாம்டி!"

அவர் பாய்ந்து கையைப் பிடிப்பதற்குள் மண் பறந்துவிட்டது.

"இப்ப சொல்லுங்க, யாருக்குக் குடுத்தீங்க? ஊரு கேக்கட்டும்!"

பிச்சைமுத்து தலை நிமிரவில்லை.

"நாந்தான் அரியலூருக்குக் கொண்டுபோயிக் குடுத்தேன். பச்ச ஒடம்புக்காரி, ஆக்கிப் போடக்கூட ஒரு ஆளில்ல."

"எவ அவ?"

"ஓடிப்போயிட்டான்னு நீ தலைமுழுவிட்ட நம்ம மவ ஜோதிதான்டி. போன வாரம் ஒனக்குப் பேரன் பொறந்திருக்கான்."