முகத்துக்கு நேரே ஓர் அட்டை

பள்ளி மைதானத்து வெயிலில் வகுப்பே வரிசைகட்டி நிற்கிறது. இன்று கேலிப்பேச்சு ஒழிப்பு நாள். போட்டோ எடுப்பவர் கேமராவிலிருந்து கண்ணை எடுக்கிறார். "டீச்சர், அந்தக் கறுத்த பொண்ணு மூஞ்சி மட்டும் இருட்டடிக்குது." வரிசையில் களுக்கென்று சிரிப்பு. டீச்சர் வந்து அவள் கன்னத்தைச் செல்லமாகத் தட்டுகிறாள். "சமத்துல்ல? இந்த அட்டையை நீயே பிடிச்சுக்கோ." அவளுக்குச் சந்தோஷத்தில் தலைகால் புரியவில்லை. 'யார் மனமும் நோகப் பேசாதே' என்ற அந்தக் கொட்டை எழுத்துகளுக்கு நேற்று மாலை முழுக்க உட்கார்ந்து வர்ணம் தீட்டியது அவள்தான். நெஞ்சோடு பிடித்துக்கொண்டு பல் தெரியச் சிரிக்கிறாள். "இன்னும் மேல தூக்கும்மா," என்கிறாள் டீச்சர். தூக்குகிறாள். கழுத்து மறைகிறது. "இன்னும் கொஞ்சம்." இப்போது கண்ணுக்கு எதிரே அட்டையின் வெறும் முதுகு, மூக்கில் வர்ண வாசம். "ஆங், இப்பதான் பளிச்சுனு இருக்கு!" என்கிறார் போட்டோக்காரர். அட்டைக்குப் பின்னால் அவள் இன்னும் சிரித்துக்கொண்டே நிற்கிறாள்.