டெஸ்ஸின் இரண்டு மனைவிகள்

நோயலினின் நாற்காலியில் உட்கார்ந்து, நோயலினின் கோப்பையில் தேநீர் வைத்துக்கொண்டு, நோயலினின் கணவனுக்குச் சட்டைப் பொத்தான் தைத்துக்கொண்டிருந்தாள் கிளெண்டா. பதினெட்டு வருடமாக இப்படித்தான்.

"கட்" என்றாள் இயக்குநர் டாரா. மூன்றே சுவர்கள் கொண்ட அந்தச் சமையலறையில் விளக்குகள் அணைந்தன.

மெல்பர்னில் எடுக்கும் அந்தத் தொலைக்காட்சித் தொடரில் முதல் மனைவி நோயலின்தான். நாற்பத்தைந்து தாண்டியதும் அவளைப் படகோடு கடலில் மூழ்கடித்துவிட்டு, கணவன் டெஸ்ஸுக்குக் கிளெண்டாவைக் கட்டிவைத்தார்கள். பிறகு வேறு தொடர்களில் நோயலினுக்குக் கிடைத்தவை ஆஸ்பத்திரிக் கட்டிலில் கிடக்கும் வேடங்கள், ஒரு தடவை பிணம்.

இப்போது வயதான பெண்களுக்கும் கதை வேண்டுமாம். "கடல்ல உங்க உடம்பு கிடைக்கவேயில்லையே, திரும்பி வந்துடுங்க. கடைசிக் காட்சியில ஒரு முத்தம் இருக்கு, பரவாயில்லையா?" என்று டாரா போனில் கேட்டு முடிப்பதற்குள் நோயலின் சரி சொல்லிவிட்டாள். கதை வெளியே கசியக் கூடாதென்று கடைசிப் பக்கத்தை யாருக்கும் முன்கூட்டிக் கொடுப்பதில்லை.

டெஸ்மீது அவளுக்கு ஒருநாளும் ஆசை இருந்ததில்லை. அந்த நாற்காலியில் இன்னொருத்தி வயதாவதை, ஊரே பார்த்து ரசிக்க வயதாவதைத்தான் அவளால் பொறுக்க முடியவில்லை.

மதியம் முற்றத்தில் சாசேஜ் வாட்டினார்கள். நோயலின் தன் ரொட்டிக்கு வெங்காயம் அள்ளப் போனாள்.

"வெங்காயம் வேணாம், அம்மணி" என்றாள் கிளெண்டா.

"என் வாய்க்கும் நீதான் காவலா? அங்க டெஸ் ரெண்டு கரண்டி போட்டுக்கறாரே, அவரைச் சொல்ல மாட்டியா?"

"அவர் எவ்வளவு வேணா தின்னட்டும்."

"இன்னியோட உன் குடித்தனம் முடிஞ்சுது. தெரியுமில்ல?"

"முடியட்டுமே. எத்தன பொத்தான்தான் தைக்கிறது."

நோயலினுக்கு எரிந்தது. தோற்பவளுக்கு இத்தனை நிதானம் எங்கிருந்து வருகிறது?

கடைசிக் காட்சிக்கு விளக்குகள் எரிந்தன. நோயலின் உதட்டுச் சாயத்தைச் சரிசெய்துகொண்டு டெஸ்ஸின் பக்கத்தில் போய் நின்றாள். கிளெண்டாவின் முகம் சுருங்குவதைப் பார்க்க வேண்டும், அவ்வளவுதான்.

"டெஸ், நீங்க வாசல்ல நின்னு திகைச்சுப்போனாப் போதும்" என்றாள் டாரா. "முத்தம் அவங்க ரெண்டு பேருக்குள்ளதான். யாரோடன்னு கிளெண்டா போன்லயே கேட்டுக்கிட்டாங்க."

நோயலின் திரும்பினாள். கிளெண்டா நாற்காலியைப் பின்னால் தள்ளிவிட்டு எழுந்து, அவளை நோக்கி வந்துகொண்டிருந்தாள்.

"அதான் வெங்காயம் வேணாம்னேன்."