காயாத கறுப்பு

சூசோவின் கால்வாய்களில் படகுச் சவாரி முடித்து, ஷாங்காயிலிருந்து ரயிலில் கூட்டி வந்த இருபது பெரியவர்களையும் கடைசி இடமான மலைச்சரிவுக் கல்லறைத் தோட்டத்தில் இறக்கியிருக்கிறேன். வழிகாட்டியின் மஞ்சள் கொடி என் கையில் ஈரமாகத் தொங்குகிறது. எங்கள் ஷாங்காய்க்காரர்கள் உயிரோடு இருக்கும்போதே இங்கே இடம் வாங்கிக் கல்லும் நட்டுவிடுவார்கள். இருப்பவர் பெயருக்குச் சிவப்பு, செத்தவர் பெயருக்குக் கறுப்பு. கூட்டத்தில் ஒருவரான பெய்லான் அம்மா, கணவரோடு, போன வருடம் நட்ட தங்கள் கல்லின் முன்னால் நிற்கிறார். கணவர் யுவான்ஹோவின் பெயர் சிவப்பில் பளபளக்கிறது. பக்கத்தில் அம்மாவின் பெயர் கறுப்பு. வண்ணம் இன்னும் காயவில்லை.

"யாருங்க இத எழுதினது?" என்கிறேன். பக்கத்துக் கல்லில் குந்தியிருந்த வண்ணக்காரன், அம்மா யாரென்று தெரியாமல், தூரிகையோடு எழுந்து வருகிறான். "அவங்க பையன் போன்ல சொன்னாருங்க. அம்மாவுக்கு டாக்டர் ரெண்டு மாசம்தான் கெடு வச்சிருக்காருன்னு. போன் வந்தே மூணு மாசம் ஆச்சு. கணக்குப் பாத்து நானே எழுதிட்டேன்." கீழே கால்வாயில் துடுப்பு தண்ணீரைத் தள்ளும் சத்தம் கேட்கிறது. பெய்லான் அம்மா கணவர் பக்கம் திரும்புகிறார். "வாயுக்கோளாறுன்னுதானே சொன்னீங்க." யுவான்ஹோ பிளாஸ்க்கைத் திறந்து மூடியில் தேநீர் ஊற்றுகிறார். மூடி நிறைந்து, வழிந்து, விரலைச் சுடுகிறது. அவர் நிறுத்தவில்லை. விஷயம் புரிந்த வண்ணக்காரன் பதறிப்போய்ச் சிவப்பு டப்பாவின் மூடியை நெம்புகிறான்.

"விடுப்பா," என்கிறார் அம்மா. "ரெண்டு வேல எதுக்கு."