கடைசி எபிசோடு

"கடைசி எபிசோடில் புருஷன் திரும்பி வரணும், மேடம்," என்றார் ஓடிடி நிறுவன அதிகாரி. "அவன் வராத கதையை யாரும் முழுசாப் பார்க்கிறதில்லை. எங்க புள்ளிவிவரம் அப்படித்தான் சொல்லுது."

"தப்பு பண்ணிட்டு ஓடினவன் எப்படி சார் வருவான்?"

"அவ போய் மன்னிப்பு கேட்டா வருவான். எழுதுங்க, இல்லேன்னா சீரீஸே கிடையாது."

நான்கு வருடம் சுமந்த கதை. எழுதிக் கொடுத்தேன்.

வெளியான அன்று மாமியார் என் பக்கத்தில் உட்கார்ந்து, கண் கொட்டாமல் முழுவதையும் பார்த்தார். முடிந்ததும் மூக்கை உறிஞ்சிக்கொண்டே என் பக்கம் திரும்பினார்.

"ஒரே ஒரு மன்னிப்புல வந்துட்டான், பார்த்தியா? இவ்வளவு தெரிஞ்சு எழுதியிருக்கே, என் பிள்ளைகிட்ட மட்டும் ஏன்டி கேட்கலை?"

என் மடியில் படுத்திருந்த மகள் தலையைத் தூக்கி, பதிலுக்காக என்னையே பார்த்தாள்.