சும்மா இருக்கும் கை

இப்போதெல்லாம் எவனும் மனுசனிடம் கேட்பதில்லை, எல்லாவற்றையும் மிஷினிடம் விட்டுவிடுகிறான். என் பெண்டாட்டி பேச்சியம்மாளுக்கு மேல்கை எலும்பு முறிந்தபோது, எந்தப் பக்கம் கிழித்துத் தகடு வைப்பது என்று முடிவு செய்ததும் ஆஸ்பத்திரி மிஷின்தான்.

"இந்தக் கையால் என்ன வேலை செய்வீர்கள்?" என்று அவளிடம் கேட்டது.

"வேலையா? சும்மா வீட்லதான் இருக்கேன்" என்று கூச்சத்தோடு சொன்னாள். பக்கத்தில் நின்ற என்னைக் கேட்கவில்லை.

வேலையில்லாத கைதானே என்று மிஷின் தோள் சதையைப் பிளந்து சுலபமான வழியில் போய்விட்டது. எலும்பு கூடிவிட்டது. கை மட்டும் தோளுக்கு மேல் எழும்பவில்லை. அவள் கொண்டையை இப்போது நான்தான் முடிகிறேன். அது அவிழ்ந்து விழுகிறது.

நியாயம் கேட்கப் போனேன். "அவர் சொன்ன பதிலுக்கு அதுதான் சரியான வழி, ஐயா" என்றது மிஷின்.

"அப்போ இத்தன வருசமா பரண்ல இருந்து அண்டாவ இறக்குனது யாரு, உங்கப்பனா?"

அது பதில் சொல்ல ஆரம்பித்தது. நான் நிற்காமல் வெளியே நடந்தேன்.