கண்டன் பசுபதியின் பரிவட்டம்

காமாக்ஷி இன்ச் டேப்பைக் கணவரின் தலையைச் சுற்றிப் பிடித்துக்கொண்டு நின்றாள். பசுபதி விக் வாங்கப் போகிறார் என்று அமெரிக்காவின் பார்சிப்பனி ஊரில் நாலு வீடுகளுக்குச் செய்தி போய்விட்டது. அவ்வளவு சின்ன ஆசையோடு அடங்குகிற தலையா அது!

"விக்கா? பரிவட்டத்துக்கு அளவுங்க. காஞ்சிபுரத்துல பட்டு நெய்யச் சொல்லியிருக்கு" என்று ஃபோனில் விசாரித்தவர்களுக்கு அவளே விளக்கினாள். கோயில் மரியாதையாகத் தலையில் சுற்றிக் கட்டுகிற துணிக்கு அளவு எதற்கு என்று கேட்க யாருக்கும் துணிவு வரவில்லை.

செப்டம்பரில், லேபர் டே லீவு வாரத்தில் புதுக் கோயிலுக்குக் கும்பாபிஷேகம். கார்ப்பெட் கிடங்காக இருந்த கட்டடத்துக்குக் கோபுரம்கூட வைத்தாயிற்று. முதல் பரிவட்டம் பெரிய டொனேஷன்காரரான வெங்கடகிருஷ்ணனுக்கா, செப்பேடு வைத்திருக்கும் பசுபதிக்கா என்பதில்தான் கமிட்டி இரண்டுபட்டுக் கிடந்தது.

செப்பேடு கூவிளம்பாடி மடத்துடையது. மடத்தில் நடந்த நல்லது கெட்டதையெல்லாம் ஐந்நூறு வருஷத்துக்கு முன் அங்கிருந்த துறவிகள் செம்பில் பொறித்துவைத்த வரலாறு. போன லீவில் பசுபதி ஊருக்குப் போனபோது பெரியப்பா வீட்டுப் பரணில் கிடைத்ததாம். அப்பளக் கட்டுகளுக்கு நடுவே படுத்துக்கொண்டு அமெரிக்கா வந்துவிட்டது.

பாதிக்கு மேல் பச்சைக் களிம்பு. ஊர்த் தமிழ் வாத்தியார் எழுத்துக் கூட்டிப் படித்தது மூன்றே இடங்கள்: 'கண்டன் பசுபதி', 'சந்திராதித்தவரை', 'பரிவட்டம்'. நம் பசுபதிக்கு அது போதாதா?

"சூரிய சந்திரர் இருக்கிற வரைக்கும் எங்க வம்சத்துக்குப் பரிவட்டம்!" என்று வம்சாவளி ஒன்று வரைந்தார். ஆபீஸ் ஜெராக்ஸ் மெஷினில் அடித்துக் கோயிலுக்கு வருகிற அத்தனை குடும்பங்களுக்கும் கொடுத்தார். உச்சியில் கண்டன் பசுபதி, அடியில் இவர், நடுவில் சந்தேகத்துக்கு இடமே இல்லை.

காமாக்ஷி ஒருநாள் செப்பேட்டைப் புளி போட்டுத் தேய்க்கப் போனாள். "தொடாதே! பழமை போயிடும்!" என்று அலறினார்.

"போலி சார் அது. மெட்ராஸ்ல ஆர்டர் குடுத்துச் செஞ்சது" என்றார் வெங்கடகிருஷ்ணன், கமிட்டி மீட்டிங்கில். இடுப்பில் எப்போதும் ஒரு பேஜர் கட்டியிருப்பார். அது அடித்து யாரும் கேட்டதில்லை.

"அப்படியா? ரெசல்யூஷன் பாஸ் பண்ணுங்க" என்று பசுபதி எழுந்தார். "செப்பேடு ஒரிஜினல்னா அதுல என்ன இருக்கோ அதுபடிதான் நம்ம கோயில்ல நடக்கணும். நான் சைன் பண்றேன். தைரியம் இருந்தா நீங்களும் பண்ணுங்க."

வெங்கடகிருஷ்ணன் சிரித்துக்கொண்டே கையெழுத்துப் போட்டார். சாசன ஆராய்ச்சியாளர் டாக்டர் மீனாக்ஷி ஒரு மாநாட்டுக்காகப் பிலடெல்பியா வந்திருப்பது அவருக்குத் தெரியும். மூன்று மடங்களின் வரலாற்றைப் போலி என்று நிரூபித்து, மூன்று மடாதிபதிகளின் சாபத்தையும் வாங்கிக் கட்டிக்கொண்ட அம்மாள்!

சனிக்கிழமை காலை, அவர் அழைத்து வந்த மீனாக்ஷியும் கமிட்டி முழுவதும் பசுபதி வீட்டு சோபாவில். காமாக்ஷி எல்லோருக்கும் வெண்பொங்கல் கொடுத்தாள். பசுபதி தன் தட்டில் மட்டும் கரண்டி கரண்டியாக நெய்யை ஊற்றிக்கொண்டார்.

"எங்க குடும்பத்துல நெய் கொஞ்சம் தாராளம் மேடம். பரம்பரைப் பழக்கம்."

மீனாக்ஷி அதைக் காதில் வாங்கவில்லை. "மடத்து வரலாறுன்னு வர்றதுல பாதி, நில வழக்கு வந்தப்புறம் அவசரமா எழுதினது" என்றார். "போலியைக் கண்டுபிடிக்கறது ஈஸி. யார் கையில இருக்கோ அவங்களைப் புகழ்ந்துட்டே இருக்கும்."

"அதேதான் மேடம், அதேதான்!" என்று வெங்கடகிருஷ்ணன் துள்ளினார்.

மீனாக்ஷி செப்பேட்டைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "கொஞ்சம் புளி இருக்கா?"

"ஐயோ மேடம், பழமை..."

"பழமை செம்புல இருக்கு சார். களிம்புல இல்ல."

தேய்த்தார், துடைத்தார், லென்ஸை வைத்துக்கொண்டு வரி வரியாக நகர்ந்தார். கடைசி வரியில் அவர் உதட்டோரம் லேசாகக் கோணியது.

"சந்தேகமே இல்ல. இது அசல்."

பசுபதி குதித்த குதியில் பொங்கல் தட்டு கார்ப்பெட்டில் கவிழ்ந்தது. காமாக்ஷி உள்ளே ஓடிப்போய், காஞ்சிபுரத்திலிருந்து வந்திருந்த பட்டைக் கொண்டுவந்து அவர் தலையில் ஒத்திகைக்குச் சுற்றியே விட்டாள்.

"ஒரிஜினல்னு எழுதிக் குடுத்துடுங்க மேடம், லெட்டர்ஹெட்லயே! என்ன வெங்கடகிருஷ்ணன், உங்க பேஜர்ல மெசேஜ் வந்துச்சா?"

வெங்கடகிருஷ்ணன் பேஜரைச் சட்டைக்குள் மறைத்துக்கொண்டார்.

"கண்டன் பசுபதி உங்க முன்னோர்தானா? நிச்சயமா?" என்று மீனாக்ஷி கேட்டார்.

"நேர் வம்சம்! இங்க இருக்கற எல்லார் வீட்லயும் ஜெராக்ஸ் இருக்கு, கேட்டுப் பாருங்க!"

"சரி, அப்ப படிச்சுடறேன்" என்று மீனாக்ஷி கண்ணாடியைச் சரிசெய்துகொண்டார்.

"'இம்மடத்துத் திருவிளக்கு நெய்யைக் களவிலே தின்ற கண்டன் பசுபதியும் இவன் வம்சத்தாரும், சந்திராதித்தவரை எந்தக் கோயிலிலும் பரிவட்டம் பெறக் கடவரல்லர். கட்டிவிட்டவன் கங்கைக் கரையிலே காராம்பசுவைக் கொன்ற பாவத்திலே போவான்.'"

காமாக்ஷியின் கை தானாகவே பட்டிலிருந்து விலகிக்கொண்டது.

"ஒரிஜினல்! பாத்தாலே தெரியுதே சார், என்ன வேலைப்பாடு!" என்று வெங்கடகிருஷ்ணன் சட்டைப் பையிலிருந்து பேனாவை எடுத்து மீனாக்ஷியிடம் நீட்டினார். "எழுதுங்க மேடம், எழுதுங்க. ரெசல்யூஷன்லயே இருக்கு, அதுல உள்ளபடிதான் நடக்கணும்."

பசுபதி தலையிலிருந்த பட்டை மெதுவாக அவிழ்த்து மடியில் வைத்துக்கொண்டார்.

"மேடம்... போலின்னே எழுதிக் குடுத்துடுங்களேன்."