பட்டியலில் இல்லாத பண்டம்

நெவேனா மறுபடியும் எண்ணிப் பார்த்தாள். ஏழு பேர். பன்னிரண்டு மணிக்குக் கடைசி இடத்துக்குப் போய்ச் சேரும்வரை இந்த ஏழில் ஒன்றுகூடக் குறையக் கூடாது. காலையிலிருந்து அவளுக்கு அது ஒன்றுதான் நினைப்பு.

சுற்றுலா நிறுவனத்து முதலாளி தோதோர் விடிந்ததுமே போனில் கறாராகச் சொல்லியிருந்தான். "ஒரு மாசத்துக்கு மேல லீவு கொடுத்தாச்சு நெவேனா. இனிமே பாதி வழியில ஆளுங்க கழண்டுக்கிட்டாங்கன்னு புகார் வந்துச்சுன்னா, நான் வேற ஆளைப் பார்த்துக்குவேன்."

ப்ளோவ்திவ் நகரத்துக் கடைவீதிக்கு அடியில் தெரிந்த ரோமானியர் காலத்துக் கல்படிகளைக் காட்டி, அங்கே நடந்த பந்தயங்களைப் பற்றிச் சொன்னாள். பதினோரு வருஷமாகச் சொல்வது. மனசு மரத்துக் கிடந்தாலும் வாய் தன் பாட்டுக்குச் சொல்லிக்கொண்டு போனது.

சுற்றுலாக்காரர்கள் எல்லாரும் ஒரே ரகம்தான். கல்லைக் காட்டினால் கொட்டாவி விடுவார்கள், தட்டைக் காட்டினால் முகம் மலர்வார்கள். ஹாலந்துக்காரர் கீஸ் அதை ஒளிக்கவும் இல்லை.

"ரோமானியருங்க ஓடினது இருக்கட்டுங்க. நாம எப்போ சாப்பிடறோம்?"

"ஊர் பார்க்க வந்தியா, விருந்துக்கு வந்தியா?" என்றாள் அவர் மனைவி வில்மா.

"விருந்துக்குத்தான். ஊர் சும்மா வழியில இருக்கு."

பென்காவின் கடையில் சூடான பனிட்சா காத்திருந்தது. மெல்லிய மாவு மடிப்புகளுக்குள் பாலாடைக்கட்டி உருகி வழிந்தது. பென்கா ஏழு தட்டு வைத்தாள், எட்டாவது வைக்கவில்லை. முன்பெல்லாம் கேட்காமலே முதல் தட்டு நெவேனாவுக்குத்தான் வரும்.

"நீங்க சாப்பிடலையா?" என்று வில்மா கேட்டாள்.

"நான் சாப்பிட்டாச்சுங்க."

பென்கா யார் முகத்தையும் பார்க்காமல் மேஜையைத் துடைத்துவிட்டு உள்ளே போனாள். நெவேனாவுக்கு அது வலிக்கவில்லை. வலிக்கவில்லையே என்றுதான் கொஞ்சம் ஆச்சரியமாக இருந்தது.

மேட்டுத் தெருவில் ஏறும்போது கீஸ் ஒரு விளக்குக் கம்பத்தின் முன் நின்றார். படம் அச்சடித்த காகிதங்கள் அதைச் சுற்றி ஒட்டியிருந்தன.

"என்ன, தேர்தலா?"

"இல்லைங்க, இறந்துபோனவங்க. நாற்பதாம் நாள், ஆறு மாசம், வருஷம்னு வீட்டுக்காரங்க புதுசு புதுசா ஒட்டுவாங்க. தெருவுல போறவங்க ஒரு நிமிஷம் நினைச்சுக்கணும்னு."

தலையில் ரிப்பன் கட்டிய ஒன்பது வயதுப் பெண் ஒருத்தி படத்தில் சிரித்துக்கொண்டிருந்தாள். கீழே யாரோ பூ வைத்திருந்தார்கள். பக்கத்தில் இன்னொரு காகிதம், பசைகூடக் காயவில்லை. அதற்குள் பாதிக்கு மேல் கிழித்துவிட்டிருந்தார்கள். ஓர் இளைஞனின் நெற்றியும் ஒரு கண்ணும் மட்டும் மிச்சம்.

"அடப்பாவமே, இதை யாரு கிழிச்சது?" என்றாள் வில்மா.

"காத்தா இருக்கும்." நெவேனா அதன் நுனியை விரலால் அழுத்தி ஒட்டிவிட்டு நடந்தாள்.

தூறல் பிடித்தது. கூட்டத்தில் இருந்த இளம் ஜோடி ஹோட்டலுக்குத் திரும்புவதாகச் சொன்னது. மற்றவர்களும் வானத்தைப் பார்த்தார்கள். நெவேனாவுக்கு இன்றைக்கு முதல்முறையாகப் பயம் வந்தது.

"பத்தே நிமிஷம். இன்னும் ஒரு பண்டம் இருக்கு, பட்டியல்ல இல்லாதது. நானே செஞ்சது, காசு வேண்டாம். தயவுசெஞ்சு போயிடாதீங்க."

"ஓசின்னு முன்னாடியே சொல்லியிருந்தா இந்நேரம் ஓடியே வந்திருப்போமே," என்று கீஸ் அந்த ஜோடியையும் முதுகில் தட்டி நகர்த்திக்கொண்டு வந்தார்.

தேவாலயச் சுவரோரம், கூரை நீண்ட இடத்தில் அவர்களை நிறுத்தினாள். பையிலிருந்து பெரிய சம்படத்தை எடுத்துத் திறந்தாள். வேகவைத்த கோதுமை, மேலே சர்க்கரைப் பொடியும் அக்ரூட் பருப்பும். ஏழு காகிதக் கிண்ணத்தில் போட்டு, ஏழு குவளையில் சிவப்பு வைன் ஊற்றினாள். மணி பன்னிரண்டுக்கு ஐந்து நிமிஷம் இருந்தது.

"முதல்ல வைன்ல ரெண்டு சொட்டு தரையில விடணும். இதை வாங்கிட்டு யாரும் நன்றி சொல்லக் கூடாது. 'பொக் தா ப்ரொஸ்தி'னு சொல்லணும். அது எங்க வழக்கம்."

"புராஸ்... என்னது?"

"ப்ரொஸ்தி. மெதுவா சொல்லுங்க, அவசரமில்லை."

சிரித்துக்கொண்டே இரண்டு முறை சொல்லிப் பார்த்தார்கள். மூன்றாம் முறை ஏழு குரலும் ஒன்றாகச் சேர்ந்து சரியாக வந்தது. கீஸ் குவளையைத் தூக்கி இன்னொரு முறை தனியாகச் சொன்னார். எதிர்வீட்டு மாடியில் யாரோ ஜன்னலைப் படாரென்று சாத்தினார்கள்.

நெவேனா உதடு அசைய ஏழு வரை எண்ணினாள்.

"பிரமாதம்," என்றார் கீஸ், வாய் நிறையக் கோதுமையுடன். "ஆமா, என்னமோ சொல்ல வச்சீங்களே, அதுக்கு என்ன அர்த்தம்?"

"கடவுள் மன்னிக்கட்டும்னு அர்த்தம்."

"யாரை?"

நெவேனா சம்படத்தை மூடினாள். மூடி சரியாகப் பொருந்தவில்லை, மறுபடி எடுத்து அழுத்தினாள்.

"அந்தக் கிழிஞ்ச காகிதத்துல இருக்கானே, அவனை. குடிச்சிட்டு வந்து அந்த ரிப்பன் கட்டின பொண்ணு மேல காரை ஏத்தி, அவனும் போயிட்டான். இன்னிக்கு ரெண்டு பேருக்கும் நாற்பதாம் நாள்."

கீஸ் மெல்வதை நிறுத்திவிட்டார். வில்மா கிண்ணத்தை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள்.

"அதுக்கு எங்களை எதுக்கும்மா சொல்ல வச்சீங்க?" என்றாள்.

"ஊர்ல எல்லார் வீட்டுப் படியும் ஏறிட்டேன்... என் மகனுக்காக இதைச் சொல்ல ஒருத்தரும் இல்லைங்க."